வெட்டப்படாத ஏழாம் அத்தியாயம்

ஆங்கில இலக்கிய வரலாறு பற்றிய பழைய பாடநூல்களில் எதை வைத்திருப்பது, எதைக் கழிப்பது என்று மதிப்பிட எங்கள் அம்பிட்டியக் கல்லூரி இருவரை நியமித்தது. ஒருவர் துறைத்தலைவர் சேதுராமன் சேர். மற்றவள் விரிவுரையாளரான நான்.

முதலில் வந்தது லண்டனில் அச்சான சிவப்பு அட்டைப் புத்தகம். கல்லூரியில் இருந்த ஒரே பிரதி. "இதுக்கு மேல ஒரு புத்தகம் வரல, வரவும் போறதில்ல" என்று சேர் இருபது வருடமாகச் சொல்லிவந்தார். ஆனால் வகுப்புக்கு அந்தப் புத்தகம் வந்ததே இல்லை. அதிலிருந்து எடுத்ததாக அவருடைய வாத்தியார் சொன்ன நோட்ஸ்தான் வரும். நானும் அதை மனப்பாடம் செய்துதான் பாஸானேன். இப்போது அதையே ஒப்புவித்துச் சம்பளமும் வாங்குகிறேன்.

அந்த நோட்ஸின்படி, பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதி நகைச்சுவை நாடகங்கள் வெறும் ஒழுக்கக்கேடு. திகனவிலிருந்து வரும் மாணவி றமீஸா அப்படியொரு நாடகத்தை உண்மையாகவே வாசித்துத் தொலைத்தாள். பிரபுக்களின் போலி ஒழுக்கத்தைத்தான் அது கிண்டல் செய்கிறது என்று பரீட்சையிலும் எழுதினாள். 'நூலுக்கு முரண்' என்று சிவப்பு மையால் கிறுக்கி, சேர் அவளைப் பெயிலாக்கினார். இந்தப் பாடம் போனால் அவளுக்கு இறுதியாண்டு இல்லை.

நாங்கள் புத்தகங்களை மதிப்பிட உட்கார்ந்த அன்று அவள் நூலகத்துக்கே வந்து நின்றாள். "எந்தப் பக்கத்துல இரிக்கின்டு காட்டுங்க சேர்."

"ஏழாம் அத்தியாயம். நல்லாப் பாத்துக்க பிள்ளை!"

ஏழாம் அத்தியாயம் திறக்கவில்லை. அந்தக் காலத்து அச்சு. தாள்களின் மடிப்பை வெட்டினால்தான் வாசிக்கலாம். முன்னுரைக்கு அப்பால் ஒருவரும் வெட்டியிருக்கவில்லை.

கோடு போடும் அடிமட்டத்தின் விளிம்பால் நான் வெட்டினேன். சத்தமாக வாசித்தேன். றமீஸா எழுதியதையேதான் நூலாசிரியரும் எழுதியிருந்தார், இன்னும் காரமாக.

சேர் கண்ணாடியைத் துடைத்தார். "பாத்தீங்களா மிஸ், எவ்வளவு மோசமான புத்தகம்! கழிச்சிடுவோம்."

"அப்ப என்ட மார்க்ஸ்?" என்றாள் றமீஸா.

"தகுதியில்லாத புத்தகத்தக் காட்டி மார்க்ஸ் கேக்க ஏலாது பிள்ளை."

மதிப்பீட்டுப் படிவத்தை என் பக்கம் தள்ளினார். என் வேலை நிரந்தரமாவதற்கு அவருடைய சிபாரிசு வேண்டியிருந்தது. 'மாணவருக்கு உகந்ததல்ல' என்பதற்குக் கீழே கையெழுத்துப் போட்டேன். என்மேல் எனக்கே அருவருப்பாக இருந்தது.

"மிஸ், நீங்கதானே வாசிச்ச?" என்று மட்டும் றமீஸா கேட்டாள்.

படிவத்தை சேர் பக்கம் திருப்பித் தள்ளினேன். நூலகத்தில் வாசித்த அதே குரல் மறுநாள் காலை வகுப்பிலும் கணீரென்று வந்தது. அந்த நாடகங்கள் ஒழுக்கக்கேடு என்று, அதே நோட்ஸைச் சொல்லிக்கொடுத்தேன்.