சாட்சி மேட்டில் ஒரு தீ

மலையைக் கல்லி எலியைப் பிடித்த கதை என்று அவளுடைய வேலையை வீட்டில் யார் கேலி செய்தாலும் அவளுக்குக் கோபம் வராது. ஒரு வருடம் அவள் உண்மையிலேயே எலியைத்தான் பிடித்தாள். குகைத் தரையைத் தூரிகையால் கூட்டி, மண்ணைச் சல்லடையில் சலித்து, கோடை முழுக்கப் பாடுபட்டதில் மிஞ்சியது ஒரு டப்பா எலிப் பற்கள். அந்தப் பற்களைப் பார்த்தே அந்தக் காலத்தில் மலையில் காடு இருந்ததா, வெறும் புல் இருந்ததா என்று சொல்லிவிடலாம் என அவள் சாப்பாட்டு மேசையில் விளக்கிக்கொண்டிருந்தபோது, நாத்தனார் தட்டிலிருந்து தலையை நிமிர்த்தினாள்.

"எங்க வீட்டுப் பரண்லயும் நாலஞ்சு ஓடுது அண்ணி. பிடிச்சு அனுப்பட்டுமா?"

நாத்தனாருக்கு வீட்டில் ஹாரன் என்று பெயர். மலைப்பாதையில் பேருந்து ஓட்டுகிறவள். வண்டியின் ஹாரன் கெட்டுப்போனாலும் ஜன்னலில் தலையை நீட்டிக் கத்தியே வளைவு திரும்பிவிடுவாள் என்று அவளுடைய அண்ணனே சொல்வான். அண்ணிக்கும் அவளுக்கும் பகை ஒன்றும் கிடையாது. ஆனால் செத்தவர்களின் குப்பையைக் கிளறுவதற்கு ஒரு படிப்பு, அதற்கு ஒரு சம்பளம் என்பதை மட்டும் ஹாரனால் ஜீரணிக்க முடியவில்லை.

குகை ஆற்றுக்கு மேலே, சுண்ணாம்புக்கல் மலையின் இடுப்பில் இருந்தது. வாய் அகலம். உள்ளே போகப் போகச் சரிந்து குறுகி, பின்பக்கத்து இடது மூலையில் முடியும். அந்த மூலைக்கு மேலே பாறை பிளந்து ஓர் இருட்டுச் சந்து மலைக்குள் ஏறிப்போகிறது. அவள் தோண்டிய குழி அந்த மூலையில்தான்.

குழியின் சுவரைப் பார்த்தால் யார் யார் வந்துபோனார்கள் என்பது மேலிருந்து கீழாகத் தெரியும். எல்லாவற்றுக்கும் மேலே ஆட்டுப் புழுக்கை. அண்மைக்காலம் வரை மேய்ப்பர்கள் ஆடு அடைத்த இடம். அதற்குக் கீழே போர்க்காலம். ஊரே ஓடிவந்து ஒளிந்திருக்கிறது. தகரக் குவளை, சட்டைப் பொத்தான்கள், ஒரு குழந்தையின் ஒற்றைச் செருப்பு. இன்னும் கீழே தனியாக வாழ்ந்த யாரோ ஒருவர். உலகம் வேண்டாம் என்று வந்தவரோ, உலகம் வேண்டாம் என்று விரட்டிய ஆளோ, ஒரு சின்ன விளக்கை மட்டும் விட்டுப் போயிருந்தார். அதற்கும் கீழே பானை செய்யத் தெரிந்தவர்கள். அடியில் பானையும் தெரியாதவர்கள்: கல் கத்திகள், உடைத்து மஜ்ஜை உறிஞ்சிய மான் எலும்புகள்.

இவர்களில் ஒருவருக்கு மற்றவரைத் தெரியாது. பேச்சு வேறு, சாமி வேறு, சாப்பாடு வேறு. ஒரே ஒரு விஷயத்தில்தான் சொல்லிவைத்ததுபோல எல்லாரும் ஒத்துப்போனார்கள். தீ மூட்டிய இடம். அத்தனை பெரிய குகையில் அத்தனை பேரும் அந்த இடது மூலையில்தான் தீ மூட்டியிருந்தார்கள். கருப்பு, செம்மண், சாம்பல், மறுபடி கருப்பு என்று மடித்து அடுக்கிய போர்வைகளின் ஓரம்போல ஒரு தீயின்மேல் இன்னொரு தீ.

ஏன் அங்கே? வாசலில் வெளிச்சம் இருக்கிறது, ஆறு தெரிகிறது. மூலையோ இருட்டு. அவள் அங்கே சருகைக் கொளுத்திப் பார்த்திருக்கிறாள். மேலே இருந்த பிளவு புகையை வாங்கிக்கொள்ளவில்லை. முகத்தில் அடித்து விரட்டியது. கோடைக்குக் கோடை செய்துபார்த்தும் அதே கதைதான். மனிதர் குந்திச் சமைக்கிற இடமே இல்லை இது என்று முடிவு கட்டி, அது அடுப்பு அல்ல, வழிபாட்டுத் தீ என்று ஒரு கட்டுரை எழுதினாள். கட்டுரை நாலு இடத்தில் பேசப்பட்டது. அவளுக்கும் கொஞ்சம் பெயர் வந்தது.

அந்தத் தீ மூலையில் பாதியை மட்டுமே தோண்டினாள். மறுபாதியைத் தொடவில்லை. அகழாய்வில் அது வழக்கம். நம்மைவிடக் கெட்டிக்காரர்கள் நாளை நல்ல கருவிகளோடு வருவார்கள். அவர்கள் சரிபார்க்க ஒரு பங்கு தொடாமல் நிற்க வேண்டும். அதற்குச் சாட்சி மேடு என்று பெயர். யாராவது கால் தவறி அதை மிதித்துவிட்டால் அவள் முகம் கடுத்துப்போகும்.

கட்டுரை வந்த பிறகு ஒரு வருடம், கோடை வேலை முடிகிற நேரம். குழுவினர் கண்டெடுத்தவற்றையும் அடுப்பு, பாத்திரங்களையும் ஏற்றிக்கொண்டு முன்னாலேயே நகரத்துக்குப் போய்விட்டார்கள். கடைசி அளவுகளைச் சரிபார்க்க அவளும் படம் வரைபவரும் மட்டும் தங்கியிருந்தார்கள். அவர் ஓய்வு பெறும் வயதை நெருங்கியவர். குழியின் ஒவ்வொரு கல்லையும் காகிதத்தில் ஏற்றுவது அவர் தொழில். அவள் அவரை அண்ணே என்றுதான் கூப்பிடுவாள். அவர்களைக் கூட்டிப்போக ஹாரன் விடுமுறை எடுத்துக்கொண்டு வேன் கொண்டுவந்திருந்தாள். வேனைப் பாதையில் நிறுத்திவிட்டு, ஓடைமேல் போட்டிருந்த பலகையைத் தாண்டி, மேல்மூச்சு வாங்க ஏறிவந்தாள்.

"இந்த ஓட்டைக்கா அண்ணி இவ்வளவு வருஷமா எங்கண்ணனைத் தனியா விட்டுட்டு வர்றீங்க?"

அதற்குள் வானம் கறுத்துவிட்டது. கோடையில் வரக் கூடாத மழை. முதலில் ஆலங்கட்டி, பிறகு ஊசிபோலக் குளிர்காற்று, அதன் பின்னால் பேய்மழை. படம் வரைபவருக்கு அப்போதுதான் ஓடைக்கரையில் வைத்துவிட்டு வந்த அளவுக் கருவி நினைவுக்கு வந்தது. வேண்டாம் என்று அவள் சொல்லி முடிப்பதற்குள் இறங்கிவிட்டார்.

ஓடை பலகையோடு அவரையும் சேர்த்து அடித்துக்கொண்டு போனது. கொஞ்சதூரம் தள்ளி ஒரு பாறை அவரைத் தடுத்து நிறுத்தியது. இரண்டு பெண்களும் இடுப்பளவு தண்ணீரில் இறங்கி, ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்து, குகைக்குக் கொண்டுவந்து சேர்ப்பதற்குள் அரை உயிர் போய்விட்டது. அக்கரைக்கு வழி இல்லை. போனில் சிக்னல் எப்போதுமே கிடையாது.

அவருடைய பற்கள் கிடுகிடுவென்று அடித்துக்கொண்டன. ஈரத்தைக் களைந்து, கிடைத்த சாக்கையும் தார்ப்பாயையும் சுற்றினார்கள். கொஞ்சநேரத்தில் நடுக்கம் நின்றது. ஹாரனின் முகம் மாறியது.

"அண்ணி, நடுக்கம் நின்னா நல்லதில்ல. பனிக்காலத்துல வண்டி மாட்டிக்கிட்டப்போ ஒருத்தரை இப்படித்தான் பார்த்தேன். உடனே நெருப்பு வேணும்."

காலி மரப்பெட்டிகள் இருந்தன. தகர டப்பாவில் தீப்பெட்டி நனையாமல் இருந்தது. வாசலுக்கு அருகே மூட்டினார்கள். காற்று தீயைப் பிய்த்து எறிந்தது. சாரல் மிச்சத்தை அணைத்தது. நடுக் குகைக்கு மாற்றினார்கள். எரிந்தது, ஆனால் புகை பந்தலாகக் கவிந்து மூச்சை அடைத்தது. ஏற்கெனவே தண்ணீர் குடித்திருந்த மனிதர் இருமி இருமிக் கண் செருகினார். அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை.

"அண்ணி, அந்தப் புகையைப் பாருங்க."

கவிந்திருந்த புகை மெதுவாக நகர்ந்துகொண்டிருந்தது. வாசல் பக்கம் அல்ல. இடது மூலைக்கு. அங்கே போய்ச் சாட்சி மேட்டின்மேல் ஒரு கயிறாகத் திரண்டு, பிளவுக்குள் ஏறி, காணாமல் போனது.

அவள் அசையாமல் நின்றாள். கோடைதோறும் முகத்தில் அடித்த பிளவு இன்று வாயைத் திறந்து இழுத்தது. வெளியே குளிர், உள்ளே கதகதப்பு. குளிர்ந்தால்தான் மலை மேல்நோக்கி மூச்சு விடும். அவள் வெயில் காலத்தைத் தவிர வேறு காலத்தில் இங்கே வந்ததே இல்லை. இங்கே தீ மூட்டியவர்கள் வெயில் காலத்தில் வந்ததே இல்லை.

"அங்க வேண்டாம்மா," என்றார் படம் வரைபவர், நாக்குக் குழற. அவள் கண் எங்கே போகிறது என்று அவருக்குப் புரிந்துவிட்டது. "மேடு… போயிடும்."

"பேசாம இருங்கண்ணே."

மேட்டின்மேல் காய்ந்த புழுக்கை. அதில் தீ பற்றினால் கனன்று கனன்று அடிவரை தின்றுவிடும். அதைச் செதுக்கி எடுத்தே ஆக வேண்டும். தூரிகையால் நாள் கணக்கில் செய்கிற வேலை. அவள் மண்வெட்டியை எடுத்தாள். முதல் வெட்டு தன் காலிலேயே விழுந்ததுபோல இருந்தது. பிறகு யோசிக்கவில்லை. வெட்டிய புழுக்கைக் கட்டிகளை ஹாரன் ஒருபக்கம் குவித்தாள், அவையும் எரியும். அடியில் போர்க்காலத்துக் கரி தெரிந்தது. அதன்மேல் தட்டையாக ஏதாவது பரப்ப வேண்டும் என்று கைகள் துழாவியபோது, தோண்டி எடுத்து, எண்ணிட்டு, படம் வரைந்து முடித்து ஓரமாக ஒதுக்கிய கற்கள் கிடைத்தன. பரப்பும்போதுதான் கவனித்தாள். ஒவ்வொன்றிலும் ஒருபக்கம் மட்டும் சிவந்திருந்தது. தீ பார்த்த பக்கம். அவள் யோசிக்காமலேயே அந்தப் பக்கத்தை மேலே வைத்துக்கொண்டிருந்தாள்.

பெட்டிச் சட்டங்கள் பற்றின. புகை நிமிர்ந்து நேரே மேலே போனது, ஒரு இழைகூடச் சிதறாமல். வளைந்த பாறைச் சுவர் சூட்டை வாங்கி அப்படியே திருப்பித் தந்தது. வாசலில் காற்று ஊளையிட்டது, இங்கே சுடர் ஆடவில்லை.

படம் வரைபவரைத் தூக்கிச் சுவரில் சாய்த்தார்கள். சுவர் அந்த இடத்தில் லேசாகக் குழிந்து வழவழப்பாக இருந்தது. அவர் முதுகு அதில் தொட்டிலில் விட்டதுபோலப் பொருந்தியது. அதைப் பார்த்ததும் அவள் விளக்கை எடுத்துக்கொண்டு குழிக்குள் இறங்கினாள்.

அந்த வழவழப்பு அங்கேயே நிற்கவில்லை. ஒரு ஆள் அகலத்துக்குப் பட்டையாகச் சுவரோடு கீழே கீழே இறங்கி, குழியின் அடிவரை போனது. அவளுக்குத் தெரிந்த பட்டைதான். நீர் வழிந்த தடம் என்று அவளே எழுதிவைத்திருக்கிறாள். நீர் அல்ல. முதுகுகள். தீக்குப் பக்கத்தில் சாய்ந்து சாய்ந்து தேய்த்த முதுகுகள். சாம்பலும் மண்ணும் சேரச் சேரத் தரை உயர்ந்தது. தரையோடு உட்கார்ந்தவர்களும் உயர்ந்தார்கள். பாறையில் தேய்மானமும் அவர்களோடு ஏறி வந்தது. மான் தின்றவர்கள், பானை செய்தவர்கள், அந்தத் தனி ஆள், குண்டுக்குப் பயந்து ஓடிவந்த தாய்மார்கள், மேய்ப்பர்கள். எல்லாரும் குளிரில் வந்து இங்கேதான் முதுகைச் சாய்த்தார்கள். பட்டையின் உச்சியில் இப்போது படம் வரைபவர் சாய்ந்திருந்தார்.

அவள் அடியிலிருந்த பாறையில் உள்ளங்கையை வைத்தாள். வெகுநேரம் அவளால் எடுக்க முடியவில்லை.

"என்ன அண்ணி, அழறீங்களா?" மேலிருந்து ஹாரன் எட்டிப் பார்த்தாள்.

"இறங்கி வந்து தொட்டுப் பாரு."

ஹாரன் இறங்கினாள். அண்ணி சொன்னதையெல்லாம் குறுக்கே பேசாமல் கேட்டாள். அவள் வாழ்க்கையிலேயே அது புதிது. பட்டையைக் கீழிருந்து மேல்வரை கையால் தடவிக்கொண்டே போனாள்.

"இவ்வளவு பேரா," என்றாள், குரலே வெளியே வராமல். பிறகு, "பாவம், எல்லாருக்கும் குளிரெடுத்திருக்கு."

மேலே அவருக்கு நடுக்கம் மறுபடி வந்தது, நல்லதுக்கு வந்தது. தகர டப்பாவில் சுடவைத்த தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடித்துவிட்டுப் படம் வரைபவர் கண்ணைத் திறந்தார். திறந்ததும் மேட்டைத்தான் பார்த்தார்.

"இதையும் வரையணுமேம்மா," என்றார்.

மழை விட்டு, பொழுது சாய்வதற்குள் ஓடை முழங்காலுக்கு இறங்கியது. கிளம்பும்போது ஹாரன் தகரத்தில் தண்ணீர் மொண்டு வந்தாள். "அணைச்சிடட்டுமா அண்ணி?"

அவள் தீயைப் பார்த்தாள். இந்த மூலையில் ஒவ்வொரு முறையும் யாரோ ஒருவர் கடைசியாக எழுந்து போயிருக்கிறார். திரும்ப மாட்டோம் என்று அவருக்குத் தெரிந்திருக்குமா?

"வேண்டாம். கல்லுமேலதான் இருக்கு. தானா அணையட்டும்."

படம் வரைபவர் மார்ச்சளியோடு ஆஸ்பத்திரியில் படுத்து எழுந்தார். அவள் நடந்ததை ஒளிக்காமல் மேலிடத்துக்கு எழுதினாள். சாட்சி மேட்டைக் கெடுத்ததற்காக விளக்கம் கேட்டார்கள்; துறையின் இரண்டு பெரியவர்கள் அவளோடு பேசுவதையே நிறுத்திக்கொண்டார்கள். வழிபாட்டுத் தீ என்ற கட்டுரையை அவளே திரும்பப் பெற்றாள். முகத்தில் கரி பூசிக்கொள்வது இதுதான் என்று கணவன் வருத்தப்பட்டபோது, நல்ல பழைய கரி, பரவாயில்லை என்றாள்.

பனிக்காலத்தில் மறுபடி போனார்கள், சோதித்துப் பார்க்க. இந்த முறை மூலையில் இரும்புத் தட்டு வைத்து அதில் மூட்டினார்கள். புகை இம்மி பிசகாமல் ஏறியது. படம் வரைபவர் கம்பளிக்குள் இருந்துகொண்டு காற்றின் வேகத்தைக் குறித்தார். யாரும் கூப்பிடாமலேயே வேனை எடுத்துக்கொண்டு வந்திருந்த ஹாரன், சூடு ஏற ஏறச் சுவரில் சாய்ந்து, வாயைத் திறந்துகொண்டு தூங்கிப்போனாள். சற்று நேரத்தில் குறட்டை தொடங்கியது. குகை அதை வாங்கிப் பெரிதாக்கிச் சுற்றிலும் உருட்டியது.

படம் வரைபவர் சிரித்துக்கொண்டே ஹாரனை எழுப்பக் கை நீட்டினார். அவள் தலையை அசைத்துத் தடுத்தாள். இந்தச் சத்தமும் இந்தக் குகைக்குப் புதிதாக இருக்காது என்று தோன்றியது. ஒரு கட்டையை உள்ளே தள்ளிவிட்டு, வெளியே விழும் பனியைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.