சர்டிபிகேட் வயது

என்ன வேலை பார்க்கிறாய் என்று கேட்டால் பந்து விளையாடுகிறேன் என்பேன். "அது சரிப்பா ராஜபாண்டி, வேல என்ன?" என்று மறுபடியும் கேட்பார்கள். பழனிசெட்டிபட்டியில் ஒரு மில்லில் கூடைப்பந்து அணி வைத்திருந்தார்கள். 1998இல் அதில் சேர்ந்தேன். விளையாடுவதற்கே மாதச் சம்பளம். பதிவேட்டில் சூப்பர்வைசர் என்று எழுதியிருந்தார்கள். எதை மேற்பார்வை பார்த்தேன் என்று எனக்கே தெரியாது. ஆறடி ஐந்தங்குலம் இருந்தேன். கூடைக்கு அடியில் நின்று கையைத் தூக்கினால் பாதி வேலை முடிந்தது. எங்கள் கூடலூரில் அதுவரை பந்துக்குச் சம்பளம் வாங்கியவன் எவனும் இல்லை. அதனால் பெண் கொடுக்கவும் எவரும் வரவில்லை.

ஆறு வருடம் ஓடியது. கோயம்புத்தூர், கொல்லம், நெய்வேலி என்று எங்கெங்கோ ஆடினோம். 2004 மார்ச்சில் முதலாளியின் மகன் பொறுப்புக்கு வந்து அணியைக் கலைத்தார். எல்லாரையும் கூப்பிட்டு, டீ வாங்கிக் கொடுத்துத்தான் சொன்னார். நல்ல டீ. அதற்கு மேல் அன்று எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

மே மாதம் பெரியகுளத்தில் நடந்த போட்டியில் ஓர் உள்ளூர் அணிக்காக ஆடினேன். சென்னையில் ஓர் அரசு நிறுவனத்து அணியின் கோச் ஞானசிகாமணி பார்த்துக்கொண்டிருந்தார். ஆட்டம் முடிந்ததும் எக்கி என் தோளைத் தொட்டார்.

"ஸ்போர்ட்ஸ் கோட்டாவில ஒரு இடம் இருக்கு தம்பி. பர்மனென்ட் வேலை. வயசு என்ன?"

"இருபத்திநாலு சார்."

"இருபத்தஞ்சைத் தாண்டாம இருந்தா போதும். அடுத்த வாரம் சர்டிபிகேட்டோட வந்துரு."

பர்மனென்ட் என்றால் முட்டி போனாலும் உட்கார ஒரு நாற்காலி இருக்கும். என் முட்டி அப்போதே போகத் தொடங்கியிருந்தது; யாரிடமும் சொல்லவில்லை. என் ஆத்தா மொக்கம்மாள் முப்பது வருடமாக விடிந்தும் விடியாமலும் ஜீப் ஏறி, குமுளிக்கு மேலே ஏலக்காய்த் தோட்டத்துக்குக் கூலிக்குப் போய்வந்துகொண்டிருந்தாள். இந்த வேலை கிடைத்துவிட்டால் அவளை ஜீப்பில் ஏற விடுவதில்லை என்று முடிவு செய்தேன். நான் ஒன்றுக்காக அவ்வளவு ஆசைப்பட்டது அந்த ஒரு தடவைதான்.

சென்னையில் மைதானத்துத் தேர்வு சுலபமாக முடிந்தது. பிறகு ஆபீசில் ஒரு கிளார்க் என் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டைப் பார்த்தார்.

"ஒண்ணு ஆறு எழுபத்தேழு. இருபத்தேழு ஆகப்போவுதேப்பா."

"அது சர்டிபிகேட் வயசு சார். நெசத்துல இருபத்திநாலுதான்."

"எல்லாருக்கும் ரெண்டு வயசு இருக்கு. இங்க இதுதான் வயசு," என்றார். கோபமாகச் சொல்லவில்லை.

நடந்தது இவ்வளவுதான். எனக்கு அப்பா இல்லை. நாலு வயதுகூட நிரம்பாத என்னைப் பகலில் பார்த்துக்கொள்ள ஆளும் இல்லை. பள்ளிக்கூடத்தில் மதியம் சோறு போட்டார்கள் என்று ஆத்தா கூட்டிக்கொண்டு போனாள். அந்தக் காலத்தில் வலது கையைத் தலைக்கு மேலே சுற்றி இடது காதைத் தொடச் சொல்வார்கள். தொட்டுவிட்டால் ஐந்து வயது. என் கை காதையும் தாண்டித் தாடைக்கு வந்துவிட்டது. ராக்கப்பன் வாத்தியார் ஆறு என்று கணக்குப் போட்டு, எல்லாருக்கும் எழுதுகிற ஜூன் ஒன்றாம் தேதியையே எனக்கும் எழுதினார். ஆத்தா தலையாட்டினாள். நாலுகூட ஆகவில்லை என்றால் திருப்பி அனுப்பியிருப்பார். எந்தக் கைக்கு மில்லில் சம்பளம் கொடுத்தார்களோ, அந்தக் கைதான்.

வீட்டில் பிறந்தவன். பிறப்பை யாரும் பதியவில்லை. கோர்ட்டுக்குப் போகலாமா என்று ஞானசிகாமணியிடம் கேட்டேன்.

"போகலாம். தீர்ப்பு வர்றதுக்குள்ள உனக்கு நெசமாவே வயசு தாண்டிரும் தம்பி," என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. எனக்கு மரத்துப்போயிருந்தது.

பஸ்ஸில் வரும்போது ஆத்தாவிடம் உள்ளதைச் சொல்லிவிடுவது என்றுதான் இருந்தேன். சொன்னால், அன்றைக்குத் தலையாட்டியதைச் சாகும்வரை நினைத்துக்கொண்டிருப்பாள். கூடலூர் வந்து இறங்கும்போது மனதை மாற்றிக்கொண்டேன்.

அவள் அப்போதுதான் தோட்டத்திலிருந்து வந்து கால் கழுவிக்கொண்டிருந்தாள்.

"என்னலே சொன்னாக?"

"எடுக்கலையாம் ஆத்தா. நான் பத்தலையாம்."

என்னை மேலும் கீழும் பார்த்தாள். "ஒசரந்தான் பத்தலைன்னாகளா?"

வாசல் நிலை இடிக்காமல் குனிந்து நின்றபடி, "ஆமா," என்றேன்.

ஆத்தா அப்படியே தரையில் உட்கார்ந்தாள். "சின்னதுல ஒனக்குப் பால் கீல் வாங்கி ஊத்தியிருந்தா இன்னும் ரெண்டு வெரக்கடை வளந்திருப்ப. எனக்குத்தான் அதுக்குத் துப்பு இல்லாமப் போச்சு. எல்லாம் என் தப்புதான்யா."

இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன்.

"சோறு போடு ஆத்தா," என்றேன்.