எவராடின் உதட்டோரம்

எங்கள் டோர்ட்ரெக்ட் ஊரில் பீர் காய்ச்சுகிறவர்களின் சங்கத்துக்கு எவராட் தலைவரானார். விருந்தில் கைமாற்றிக் குடிக்கும் கண்ணாடிக் கோப்பையில் அவர் முகத்தைச் செதுக்கும் வேலை என் நாத்தனார் அலைடாவுக்கு வந்தது. வைர ஊசியால் புள்ளி புள்ளியாகக் குத்தித்தான் அவள் முகத்தை எழுப்புவாள். எவராட் சிரித்து ஊரில் யாரும் பார்த்ததில்லை. அலைடாவோ அவர் உதட்டோரத்தில் ஒரு சின்னச் சிரிப்பை வைத்துவிட்டாள்.

விருந்துக்கு முந்தின நாள் வந்து பார்த்தவர் கொதித்துப் போனார்.

"என்னம்மா இது, நான் என்ன பல்லிளிக்கிற ஆளா? அந்தச் சிரிப்பை எடு!"

"குத்துன புள்ளி குத்துனதுதாங்க, எடுக்க முடியாது. உங்க நாய்க்குட்டி மடியில ஏறினப்போ இப்படித்தான் இருந்தீங்க. பார்த்ததைத்தான் வச்சேன்."

"நாளைக்கு அதைப் பாத்து எவனாவது சிரிக்கட்டும், அப்புறம் இந்த ஊர்ல உனக்கு வேலையே கிடையாது!"

"சரிங்கய்யா," என்றாள், ஊசியைத் துடைத்துக்கொண்டே.

மறுநாள் கோப்பையில் சிவப்பு ஒயினை ஊற்றியதும் முகம் பளிச்சென்று தெரிந்தது. முதலில் கையில் வாங்கிய அவர் மனைவி மாக்தெல்ட் உற்றுப் பார்த்தாள்.

"அடேயப்பா! நான் கட்டிக்கிட்ட மனுஷன் இங்கயா ஒளிஞ்சிருக்காரு? இத்தனை வருஷமா வீடெல்லாம் தேடுறேனே!"

கூடமே சிரித்தது. எல்லோரும் எவராடைப் பார்த்தோம். முறைக்கத்தான் முயன்றார். உதட்டோரம் அவர் பேச்சைக் கேட்கவில்லை.

அலைடா என் பக்கம் சாய்ந்தாள்.

"பாத்தீங்களா அண்ணி? புள்ளி ஒண்ணு கூடவும் இல்ல, குறையவும் இல்ல."