கத்தரிச் சத்தம்

பார்லர் அக்காவுக்கு ஒரு கைப்பழக்கம். ஒரு தடவை முடியை வெட்டினால், அடுத்த வெட்டுக்கு முன்னால் காற்றில் இரண்டு தடவை சும்மா கத்தரியைத் தட்டுவாள். டிக், டிக். தொழில் கற்ற நாளிலிருந்து அப்படித்தான். அதனால் ஒரு குடும்பமே பிரியும் என்று யார் கண்டார்கள்?

கூட்டம் இல்லாத மதியத்தில் பின்கதவு வழியாக அந்தப் பாடகி வருவாள். ஊரே தலையில் தூக்கி வைத்து ஆடுகிற பெண், இந்த நாற்காலியில் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு, இன்னும் வெளிவராத பாட்டை முணுமுணுப்பாள். "எப்படிக்கா இருக்கு?" என்று வேறு கேட்பாள். அக்காவுக்குப் பெருமை தாங்காது.

பெருமை அதோடு நின்றிருந்தால் தேவலை. அக்காவின் மகள் அந்தப் பாடகியின் ரசிகர் குழுவில் இருந்தாள். வெளிவந்த பாட்டைக் கேட்பவர்களுக்கு அங்கே மரியாதையே கிடையாது. வெளிவராத பாட்டை வைத்திருப்பவன்தான் ராஜா. "என்னை யாரும் மதிக்கவே மாட்டேங்கறாங்கம்மா" என்று மகள் தட்டைத் தள்ளிவிட்டு அழுதாள். பெற்ற மனசு கேட்குமா? அடுத்த தடவை பாடகி வந்தபோது, அக்கா சீப்புகளுக்கு நடுவே போனை ஒளித்துப் பதிவு செய்துவிட்டாள்.

"உன்கிட்ட இருக்குன்னு மட்டும் சொல்லிக்கோ, யாருக்கும் அனுப்பக் கூடாது. என் தலை மேல சத்தியம் பண்ணு."

மகளும் பண்ணினாள். பொழுது சாய்வதற்குள் பாட்டு ஊரெல்லாம் ஓடிக்கொண்டிருந்தது.

ரசிகர்கள் குரலைவிட அந்த டிக் டிக்கில்தான் சொக்கிப்போனார்கள். ஏதோ மரக்கட்டை வாத்தியம் என்றான் ஒருவன். வெளிநாட்டுத் தாளக்காரர் என்று அடித்துச் சொன்னான் இன்னொருவன். அக்கா பஸ்ஸில் உட்கார்ந்து அதையெல்லாம் படித்துச் சிரித்தாள். வெட்கக்கேடு, 'அடேய், அது என் கைடா' என்று கத்த ஆசையாகக்கூட இருந்தது அவளுக்கு.

பாடகி மறுபடி வந்தாள். முகம் வாடிக் கிடந்தது. பாடவில்லை.

"என் தம்பிதான்க்கா திருடிட்டான். கிடார் மேல விரலால தட்டுவான், அதே டிக் டிக் பாட்டுல கேக்குது. வீட்டை விட்டுப் போடான்னுட்டேன். 'நான் இல்லக்கா'ன்னு அழுதான். நான் நம்பல."

அக்கா காற்றில் தட்டுவதை நிறுத்தினாள். ஒரு பக்கம் முழுவதையும் சத்தமே வராமல் வெட்டினாள். வாயை மூடிக்கொண்டால் தப்பித்துவிடலாம். ஆனால் ஒன்றும் அறியாத அந்தப் பையன்? சீ, இதுவும் ஒரு பிழைப்பா?

பாடகியின் காதருகே கத்தரியைக் கொண்டுபோய், காற்றில் இரண்டு தடவை தட்டினாள்.

பாடகி கண்ணைத் திறந்தாள்.

"தம்பி இல்லம்மா. நான்தான்" என்றாள் அக்கா.

"உங்ககிட்ட மட்டும்தானேக்கா கண்ணை மூடிட்டு உக்காந்தேன்."

அவ்வளவுதான். கழுத்தில் கட்டியிருந்த துணியை உருவிப் போட்டுவிட்டு, பாதி வெட்டிய தலையோடு வெளியே போனாள். "தம்பி, எங்கடா இருக்க?" என்று அவள் போனில் கேட்பது கதவு மூடும்வரை காதில் விழுந்தது.

தெருவில் யாரோ அவளைப் படம் எடுத்துவிட்டார்கள். அடுத்த வாரமே பார்லர் வாசலில் பெண்கள் வரிசை கட்டினார்கள். முதலில் உட்கார்ந்தவள் அந்தப் படத்தை நீட்டினாள்.

"ஒரு பக்கம் நீளம், ஒரு பக்கம் குட்டை. அப்படியே வேணும் ஆன்ட்டி, செம ஸ்டைல்!"

சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு, அந்தப் பாட்டையே முணுமுணுக்க ஆரம்பித்தாள். அக்கா கண்ணாடியைப் பார்க்காமலே வெட்டினாள்.