வெர்னா மூலை மாறிய காரணம்

வெண்டெல் ஸ்ட்ராட்மன் நான்கு வருடம் அமெரிக்காவின் ஜனாதிபதியாக இருந்தார். இரண்டாவது முறை நின்றபோது மண்ணைக் கவ்வினார். தோற்றவரை ஊரில் நிம்மதியாக இருக்க விட்டார்களா என்றால் அதுவும் இல்லை. கட்சிக்காரர்கள் வாரம் தவறாமல் நெப்ராஸ்காவுக்கு வந்து, "நீங்க மறுபடி நின்னா ஜெயிக்கிறது நிச்சயம்" என்று காதில் ஊதிக்கொண்டே இருந்தார்கள். ஊத ஊத அவருக்கும் ஆசை துளிர்த்துவிட்டது. வருகிற திங்கட்கிழமை அறிவிப்பதாக இருந்தார்.

அவர் மனைவி கொரினுக்கு இதில் துளியும் விருப்பமில்லை. ஆனால் வேண்டாம் என்று சொன்னால் அவர் வேண்டும் என்பார் என்பது முப்பத்தெட்டு வருடக் குடித்தனத்தில் அவள் கற்றது. அதனால் வேறு ஒன்றைச் சொன்னாள்.

"போற ஊர்லயெல்லாம் அந்த அயோவா அம்மாவுக்கு நன்றி சொன்னீங்க. அவங்க முகத்துக்கு நேரா ஒரு தடவையாவது சொன்னீங்களா?"

சொன்னதில்லை. வெண்டெலுக்குச் சுருக்கென்றது.

அயோவாவில் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கிற விதமே தனி. குளிர்காலத்தில் ஒரு சாயங்காலம் பள்ளிக்கூடத்து விளையாட்டுக்கூடத்தில் ஊர் கூடும். யாரை ஆதரிக்கிறாயோ அவர் பெயர் ஒட்டிய மூலையில் போய் நிற்க வேண்டும். சீட்டும் கிடையாது, ரகசியமும் கிடையாது. பக்கத்து வீட்டுக்காரன் பார்க்க, மச்சினன் முறைக்க, நின்றே ஆக வேண்டும். தலை எண்ணுவார்கள். போதுமான தலை சேராத மூலை கலைந்துவிடும். அங்கே நின்றவர்கள் வேறு மூலைக்குப் போகலாம், இல்லாவிட்டால் கோட்டை மாட்டிக்கொண்டு வீட்டுக்கு நடையைக் கட்டலாம். கலைப்பதற்கு முன் கொஞ்சம் அவகாசம் உண்டு. அந்த நேரத்தில் நடக்கிற கெஞ்சலும் கொஞ்சலும் கல்யாணப் பேச்சில்கூட இருக்காது.

ஹார்லோ க்ரீக் என்ற சின்ன ஊரில் வெண்டெலின் மூலைக்கு ஒரே ஒரு தலை குறைந்தது. அப்போது பள்ளிக்கூடச் சமையல்காரி வெர்னா கோல்பெக், தன் சொந்தத் தங்கை தலைமை தாங்கிய மூலையை விட்டுவிட்டு, எல்லோரும் பார்க்கக் குறுக்கே நடந்து வந்து இவர் மூலையில் நின்றாள். மாநிலமே மயிரிழையில் கிடைத்தது. அயோவாவில் கிடைத்த வேகத்தில் மற்றவையும் கிடைத்தன. விஷயம் கேள்விப்பட்ட வெண்டெல் அதைப் பேச்சில் சேர்த்துக்கொண்டார். "நாட்டின் எதிர்காலத்தை நினைத்து ஒரு பெண் தன்னந்தனியாக அந்தத் தரையைக் கடந்தாள்" என்று அவர் குரல் தழுதழுக்கும்போது கூட்டத்தில் மூக்கு உறிஞ்சும் சத்தம் கேட்கும். வெர்னாவிடம் ஏன் வந்தாய் என்று யாரும் கேட்டதில்லை. எல்லோருக்கும் பதில் முன்கூட்டியே தெரிந்திருந்தது.

சனிக்கிழமை மத்தியானம் வெண்டெல் ஹார்லோ க்ரீக்குக்குப் போனார். போகும்போதே ஒரு முடிவும் எடுத்திருந்தார். மறுபடி என் மூலையில் நிற்பாயா என்று கேட்பது, நிற்பேன் என்றால் திங்கட்கிழமை அறிவிப்பது. நிற்பேன் என்றுதான் சொல்வாள் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. பரீட்சைக்கு விடைத்தாளோடு போகிற மாதிரிதான்.

வெர்னாவுக்கு அறுபது வயதிருக்கும். வாசலில் முன்னாள் ஜனாதிபதியையும் பின்னால் பாதுகாவலர் பிரிக்ஸையும் பார்த்து அவள் பதறவில்லை. காலணியைக் கழற்றிவிட்டு வரச் சொன்னாள், பனிச்சேறு ஒட்டியிருந்தது. சமையலறை மேசையில் உட்காரவைத்து, ஆளுக்கொரு கிண்ணம் சில்லி என்கிற காரமான இறைச்சிக் குழம்பும் பக்கத்தில் பட்டை மணக்கும் சினமன் ரோலும் வைத்தாள். காரத்தோடு இனிப்பு ரோலைத் தின்பது அந்தப் பக்கத்துப் பள்ளிக்கூடச் சாப்பாட்டு வழக்கம். நெப்ராஸ்காவிலும் அதே வழக்கம்தான் என்பதால் வெண்டெலுக்குப் பாதிப் படபடப்பு அங்கேயே அடங்கியது. பிரிக்ஸ் கிழக்குக் கரைக்காரர். கிண்ணத்தையும் ரோலையும் மாறி மாறிப் பார்த்தார்.

வெண்டெல் நன்றி சொன்னார். மேடையில் சொன்ன அதே வாக்கியங்கள். வெர்னா ரோலைப் பிய்த்து சில்லியில் தோய்த்தபடி கேட்டாள். முடித்ததும் வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"டிவியில கேட்டிருக்கேன். நல்லாத்தான் இருந்துச்சு. ஆனா நான் உங்களுக்காக வரலை, மிஸ்டர் பிரசிடென்ட்."

வெண்டெலின் கரண்டி நின்றது.

அடுத்த தெருவில் இருக்கும் கென்னத் பெர்க் என்ற மனிதரைப் பற்றி அவள் சொன்னாள். அந்த வருடம் இலையுதிர்காலத்தில் அவர் மனைவி இறந்துவிட்டாள். அதன் பிறகு மனிதர் கதவைச் சாத்திக்கொண்டார். தேவாலயத்துக்கு வருவதில்லை, காப்பிக் கடைக்கு வருவதில்லை. வாசலில் வைத்த சாப்பாடு வைத்தபடியே இருந்தது. அன்று சாயங்காலம்தான் முதன்முதலாக வெளியே வந்து, வெண்டெல் பெயர் ஒட்டிய மூலையில் போய் நின்றார். அதற்கு என்ன காரணமோ அவருக்கே வெளிச்சம்.

"அந்த மூலை கலைஞ்சா அவரு கோட்டை மாட்டிக்கிட்டு வீட்டுக்குப் போயிருப்பாரு. போனா திரும்ப வந்திருக்க மாட்டாரு. எனக்கு அது பொறுக்கல. அதான் நடந்தேன். என் தங்கச்சி லொயிஸ் ஈஸ்டர் வரைக்கும் எங்கிட்ட பேசல."

வெண்டெலின் முகத்தில் ஈயாடவில்லை. நாட்டின் எதிர்காலமாவது ஒன்றாவது! பக்கத்துத் தெருக்காரர் மேல் ஒரு சமையல்காரிக்கு வந்த இரக்கம்தான் தன்னை வெள்ளை மாளிகையில் கொண்டுபோய் உட்காரவைத்ததா? முதலில் வெட்கமாக இருந்தது. பிறகு, தான் சொல்லித்திரிந்ததைவிட இது எவ்வளவோ நல்ல காரணம் என்று பட்டது.

"அப்புறம் அவரு உங்களுக்காக வீடு வீடாப் போனாரு. ஊரெல்லாம் உங்க போர்டை நட்டாரு. இப்ப ஞாயித்துக்கிழமை எங்க வீட்டுலதான் சாப்பாடு. அதுக்கு நான்தான் உங்களுக்கு நன்றி சொல்லணும்" என்றாள் வெர்னா.

இனி கேட்காமல் இருக்க முடியாது. இந்தத் தடவை என் மூலையில் நிற்பீர்களா என்று வெண்டெல் கேட்டார். குரல் அவருக்கே அந்நியமாக ஒலித்தது.

"மாட்டேன்."

அதில் கோபமும் இல்லை, தயக்கமும் இல்லை.

"நாலு வருஷம் உங்களால ஆனதைப் பண்ணீங்க. ரெண்டாவது தடவையும் உங்களுக்குத்தான் போட்டேன். இப்ப டபியூக்ல இருந்து ஒரு பொண்ணு நிக்குது. மூணு தடவை பார்த்துப் பேசிட்டேன், எனக்குப் பிடிச்சிருக்கு. உங்க வேலை முடிஞ்சுது, வெண்டெல். நல்லா முடிச்சீங்க. ரொம்ப நன்றி."

தோற்ற நாளிலிருந்து அவரைத் தேடி வந்தவர்கள் எத்தனையோ பேர். சிலர் பழி சொன்னார்கள், சிலர் ஆறுதல் சொன்னார்கள், பெரும்பாலோர் ஏதாவது கேட்டார்கள். செய்த வேலைக்கு நன்றி என்று ஒருவரும் சொல்லவில்லை. அதைக் கேட்கத்தான் மறுபடி ஒரு தேர்தலுக்கே துணிந்தோமோ என்று அவருக்குத் தோன்றியது. கண் கலங்கிவிட்டது. வெர்னா அதைப் பார்க்காததுபோல எழுந்து போய் இன்னொரு கரண்டி சில்லி கொண்டுவந்து ஊற்றினாள். பிரிக்ஸும் தன் கிண்ணத்தை நீட்டினார்.

அந்த நேரத்தில் பின்கதவு திறந்தது. தட்டிவிட்டு வருகிற வழக்கமெல்லாம் அங்கே இல்லை. பிரிக்ஸ் பாதி எழுந்தார். உயரமாக, மெலிந்து, காது மடல் சிவந்த ஒரு கிழவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு உள்ளே வந்தார். "இவருதான் கென்னத்" என்றாள் வெர்னா.

கென்னத்துக்கு வாயெல்லாம் பல். வெண்டெலின் கையைப் பிடித்தவர் விடவில்லை. "வெளிய கறுப்பு காரைப் பார்த்ததுமே நெனச்சேன். மறுபடி நிக்கிறீங்கதானே? நான் ரெடி. அதே மூலைதானே?"

ஒரு தலை கிடைத்துவிட்டது. நாற்பது வருட அரசியல் வழக்கத்தில் வெண்டெலின் வாய் தானாகத் திறந்தது. அவர் வெர்னாவைப் பார்த்தார். அவள் அடுப்பைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

"நான் நிக்கல, கென்னத்."

கிழவரின் பிடி தளர்ந்தது. "ஓ" என்றார். தொப்பியை ஒரு சுற்றுச் சுற்றினார். "அப்ப இந்த வருஷம் நான் எதுக்கு அங்க போகணும்? வீட்டுலயே இருந்துக்கறேன்."

"அது கூடாது" என்றார் வெண்டெல். பதவியில் இருந்த காலத்தில்கூட அவர் இவ்வளவு கண்டிப்பாகப் பேசியதில்லை. "வெர்னா நிக்கிற மூலையில போய் நில்லுங்க. அவங்களுக்கு ஒரு தலை குறைஞ்சாலும் குறையும்."

கென்னத் யோசித்தார். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, "யாரும்மா அது, உன் ஆளு?" என்று வெர்னாவிடம் கேட்டார்.