ஆறுமுகத்தாய் கேசட்டின் முதல் பக்கம்

சங்கரன்கோவிலில் கரண்ட் போன நேரத்திலும் ஓடிய ஒரே தறிக்கூடம் துரைப்பாண்டி முதலாளியுடையது. கரண்ட் இருக்கும்போது அது கரண்டில் ஓடியது, இல்லாதபோது ஆறுமுகத்தாயின் வாயில் ஓடியது. எழுபதுகளின் கடைசியில் தொடங்கிய சங்கதி இது. அந்த வருஷம் டீசல் விலை ஏறி, ஜெனரேட்டர் வைத்திருந்தவர்கள் கையைப் பிசைந்துகொண்டிருந்தார்கள். அதனால் துரைப்பாண்டிக்கு இதில் ஆச்சரியத்தைவிட ஆதாயம்தான் முதலில் கண்ணில் பட்டது. ஆறுமுகத்தாய் இரண்டு தறிக்கு நடுவே நின்று வேலை பார்ப்பவள். உட்கார்ந்தால் எதில் நூல் அறுந்தது என்று தெரியாது, ஆகவே உட்கார முடியாது. கால் கடுக்கத் தொடங்கியதும் வாய் திறந்துகொள்ளும். வருவது பாட்டு இல்லை, அதில் ராகம் கிடையாது. வெறும் பேச்சும் இல்லை, தறியின் குறுக்கே ஓடும் நாடா அடிக்கிற அடிக்கு ஒரு சொல் முந்தாது, பிந்தாது.

தறிக்கு எண்ணெ நேத்துத்தான் விட்டாச்சு,
தலைக்கு எண்ணெ வெச்சு வருசமாச்சு,
பாவு அறுந்தா முடிச்சுப் போடலாம்,
பாவி இடுப்பு அறுந்தா எங்கன ஓடலாம்?

ஊரில் இதற்குத் தறிப்பேச்சு என்று பேர். முதல் தடவை கரண்ட் போனபோது அவள் பாதிப் பேச்சில் இருந்தாள். பேச்சும் நிற்கவில்லை, தறியும் நிற்கவில்லை. லைன்மேன் வந்து பார்த்தார். மீட்டர் ஓடவில்லை, திருட்டும் இல்லை, எழுதிக்கொள்ள ஒன்றுமில்லை என்று சொல்லி, கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டுப் போனார்.

கஷ்டம் என்னவென்றால், ஊரிலுள்ள மற்ற தறிக்காரர்களுக்குக் கரண்ட் போவதுதான் ஓய்வு. வெளியே வந்து வேப்பமரத்தடியில் காலை நீட்டுவார்கள், வெற்றிலை போடுவார்கள். துரைப்பாண்டி கூடத்துப் பெண்களுக்கு அதுவும் இல்லை. அடுத்த தறியில் நின்ற முருகம்மாளுக்கு ஒருநாள் பொறுக்கவில்லை. "ஏட்டி, உன் வாயால நம்ம எல்லாருக்கும்லா உக்கார நேரம் இல்லாமப் போச்சு. ஒரு நாளைக்காவது அதப் பொத்திக்கிட்டு நில்லேன்" என்றாள். நியாயம்தானே என்று ஆறுமுகத்தாய் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு நின்றாள். உள்ளே தேங்கிய பேச்சு விக்கலாக மாறியது. விக்கலுக்குத் தக்கபடி தறிகள் துள்ளித் துள்ளி ஓடின. அன்று நெய்த சேலைகளின் கரையெல்லாம் பாம்பு போன தடமாக வளைந்து கிடந்தது. அதன்பிறகு யாரும் அவளைப் பொத்தச் சொல்லவில்லை.

அவளுடைய ஆசை ரொம்பச் சின்னது. மத்தியானச் சோற்றுக்குப் பிறகு சுவரில் முதுகைச் சாய்த்துக் கொஞ்ச நேரம் உட்கார வேண்டும். முதலாளியிடம் வாய்விட்டே கேட்டாள். "நீ உக்காந்தா தறியும் உக்காந்துரும்" என்று அவர் சிரித்தார். வீட்டிலாவது உட்காரலாம் என்றால் அங்கே சிவனாண்டி இருந்தான். லாரி செட்டில் மூட்டை தூக்குகிற அவளுடைய புருஷன். கெட்டவன் இல்லை, கை நீட்டுகிறவன் இல்லை. வந்ததும் கட்டிலில் சாய்ந்து "தண்ணி" என்பான். அவள் நின்றுகொண்டே இருந்ததால், தான் எழுந்திருக்க வேண்டிய அவசியம் அவனுக்குத் தெரியவில்லை. இப்படியே வருஷங்கள் போயின, மூன்று பிள்ளைகள் வளர்ந்தார்கள், அவள் கால் நரம்புகள் முடிச்சு முடிச்சாகப் புடைத்தன.

கடையநல்லூரிலிருந்து சேலை எடுக்க வருகிற ரசீதாதான் வழி சொன்னாள். அவள் மாப்பிள்ளை சவூதியில், தம்மாமில் இருந்தார். அவர் கடிதம் எழுதுவதில்லை, கேசட்டில் பேசி அனுப்புவார். இவளும் அதே கேசட்டில் பேசித் திருப்பி அனுப்புவாள். புருஷனின் குரலை டேப்பில் போட்டுவிட்டு அதன் முன்னால் உட்கார்ந்து சாப்பிட்டுப் பழகியவள் அவள். "ஆள் இல்லாட்டாலும் அந்தக் குரலு வீட்டுல நடமாடுது, பாத்துக்கோ. உன் பேச்சையும் ஒரு கேசட்டுல புடிச்சு வச்சிருவோம். அது நின்னு பேசட்டும், நீ உக்காரு" என்றாள். ஆறுமுகத்தாய்க்கு அன்று முழுவதும் வேறு நினைப்பே இல்லை. முருகம்மாள் மட்டும் பயந்தாள். "கேசட்டு வந்துட்டா முதலாளி உன்னய வேண்டாம்னுருவாரு, தெரியும்லா?" "சொல்லட்டும். உக்காந்துக்கிட்டே கேட்டுக்கிடுதேன்" என்றாள் ஆறுமுகத்தாய். முதலாளியும் உடனே சம்மதித்தார். கேசட்டு போனஸ் கேட்காது என்று அவருக்கும் ஒரு கணக்கு.

பஸ் ஸ்டாண்டு பக்கம் ரிக்கார்டிங் சென்டர் வைத்திருந்த தேவசுந்தரம், கிறிஸ்தவக் கீர்த்தனைகளைத் துல்லியமாகப் பதிவு செய்கிறவர் என்று பேர் வாங்கியவர். தறிச் சத்தம் கூடாது என்று அவளைத் தன் அறைக்கே கூப்பிட்டு, சுவரெல்லாம் ஜமுக்காளம் தொங்கவிட்டு, மைக் முன்னால் நிறுத்தினார். சத்தமில்லாத இடத்தில் அவளுக்குக் கொட்டாவிதான் வந்தது. அதைப் போட்டுக் கேட்ட தேவசுந்தரம் கடையைத் திறந்து போட்டபடியே சாயங்காலம் வரை தூங்கினார். எழுந்ததும், கூடத்தில் வைத்தே பதிவு செய்வோம் என்று ஒத்துக்கொண்டார். முதலாளியோ அதற்காக வேலையை ஒரு மணி நேரம்கூட விட்டுக்கொடுக்கவில்லை. கோமதியம்மன் ஒற்றைக்காலில் தவம் நிற்கும் ஆடித் தபசுத் திருவிழாவுக்குச் சேலை போக வேண்டிய நெருக்கடி அது, எல்லாரும் ஷிப்டுக்கு மேல் ஷிப்டாக நின்றுகொண்டிருந்தார்கள். ஆக, ஆறுமுகத்தாய் வருஷத்திலேயே அதிகம் களைத்துப் போயிருந்த நாளில்தான் மைக் வந்தது. அது பெரிய தப்பு என்று அன்றைக்கு ஒருவருக்கும் தோன்றவில்லை. கேசட்டின் இரண்டு பக்கமும் நிறையும்வரை, நல்லா வருது, நல்லா வருது என்று தேவசுந்தரம் தலையாட்டிக்கொண்டிருந்தார்.

கோமதிக்கு ஒத்தக்கால் தவசு வருசத்துல ஒரு பொழுது,
கூலிக்காரி ரெட்டக்கால் தவசு பொழுதுக்கும் அழுது,
அவளுக்குக் காட்சி குடுக்கச் சாமி வாராரு,
எனக்குக் காட்சி குடுக்க முதலாளி வாராரு.

தபசு முடிந்து கூடம் திறந்த அன்று வெளியீடு நடந்தது. ரசீதா தன் வீட்டு டேப்பைத் தூக்கி வந்திருந்தாள். புது வண்டிக்குச் செய்வதுபோல எலுமிச்சம்பழம் வைக்க நினைத்த முதலாளி, டேப்புக்குச் சக்கரம் இல்லாததால் கொஞ்சம் திகைத்து, அதன் தலையில் ஒரு பழத்தை வைத்துச் சூடம் காட்டினார். சோற்று நேரம் முடிந்து கரண்ட் போனது. முதலாளியே பட்டனை அமுக்கினார். குரல் வந்தது, தறிகள் ஓடத் தொடங்கின, அவர் முகம் மலர்ந்தது. நாலு வரி போவதற்குள் தறிகள் மெதுவாகி, ஒவ்வொன்றாக நின்றன. முருகம்மாள் நின்ற இடத்திலேயே உட்கார்ந்தாள். ரசீதா உட்கார்ந்தாள். பட்டனை நோக்கிக் கையை நீட்டிய முதலாளியின் முழங்கால் மடங்கியது, பஞ்சுத் தூசிக்குள் வெள்ளை வேட்டியோடு உட்கார்ந்தார். தெருவில் புளியங்குடி பஸ் நின்று கண்டக்டர் படியில் உட்கார்ந்தார், வண்டி மாடுகள் படுத்தன. ஆறுமுகத்தாய்க்கு மட்டும் அந்தக் களைப்பு புதுசில்லை. சுவரோரம் சாவகாசமாகப் போய், முதுகைச் சாய்த்து, காலை நீட்டினாள். எழுந்திருக்க முயன்று முயன்று தோற்ற துரைப்பாண்டியின் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

"இம்புட்டுமா, ஆறுமுகத்தாய்?" என்று கேட்டார்.

"இது தறி வேலை மட்டுந்தான், முதலாளி. வீட்டு வேலை அடுத்த பக்கத்துல இருக்கு" என்றாள்.

பக்கம் முடிந்து பட்டன் தானாக மேலே வந்ததும் எல்லாரும் எழுந்து வேலையைப் பார்த்தார்கள். கேசட்டுக்குள் போன பேச்சு அவள் வாய்க்குத் திரும்பவில்லை. கரண்ட் போனால் அந்தக் கூடமும் மற்ற கூடங்களைப் போல நின்றது. அவளை வேலையைவிட்டு நிறுத்திவிட முதலாளி நினைக்காமல் இல்லை. அதைச் சொல்ல எழும்போதெல்லாம் முழங்கால் பிடித்துக்கொண்டது, கடைசியில் ஒரு பெஞ்சு வாங்கிப் போட்டார். தேவசுந்தரம் பிரதிகள் எடுத்தார். அட்டைப் படத்துக்கு, உட்கார்ந்தபடி எடுத்தால்தான் ஆச்சு என்று அவள் பிடிவாதம் பிடித்தாள். குருவிகுளத்துக் காடுகளில் பருத்தி எடுக்கிறவர்கள் மத்தியானம் அதைப் போட்டார்கள். புளியங்குடியில் எலுமிச்சை ஏலம் அந்த நேரத்துக்கு நின்றது. தம்மாமிலும் ஒரு கொட்டகை முழுக்க ஆட்கள் உட்கார்ந்ததாக ரசீதாவுக்குக் கேசட்டு வந்தது. நாளடைவில் பஸ்காரர்களும் அதற்குத் தக்கபடி நேரத்தை மாற்றிக்கொண்டார்கள், ஊர் பழகிப்போனது.

அடுத்த பக்கத்தை மட்டும் யாரும் போடவில்லை. எண்பத்தொன்பதில் ஒரு சாயங்காலம் சிவனாண்டி கட்டிலில் படுத்தபடி "தண்ணி" என்றான். ஆறுமுகத்தாய் ரசீதா விட்டுப்போன டேப்பைத் திறந்து, கேசட்டை எடுத்துத் திருப்பிப் போட்டு மூடினாள். அவள் விரல் பட்டனுக்குப் போவதைப் பார்த்த சிவனாண்டி எழுந்தான், அடுக்களைக்குப் போனான், பானையிலிருந்து மோந்து குடித்தான். கொஞ்ச நேரம் அங்கேயே நின்று யோசித்துவிட்டு, இன்னொரு செம்பு மோந்து அவளுக்கும் கொண்டுவந்து கொடுத்தான். அவள் உட்கார்ந்தபடியே வாங்கிக் குடித்தாள்.