எந்தப் பக்கத்துக் கட்டி

மருந்துக் கிடங்குக்கும் ஜெனரேட்டர் அறைக்கும் நடுவே மாட்டிக்கொண்டிருந்த ஆஸ்பத்திரி ஆவணப் பிரிவில் அவளுக்கு வைத்திருந்த பெயர் சந்தேகக்கா. பதினொரு வருஷமாக ஒரே வேலைதான். டாக்டர்கள் எழுதுகிற நோயின் பெயரைப் படித்து, அதற்குரிய குறியீட்டைப் புத்தகத்தில் பார்த்துக் கணினியில் ஏற்ற வேண்டும். டாக்டர் ஒழுங்காக எழுதியிருந்தால் இரண்டு நிமிஷ வேலை. யாரும் ஒழுங்காக எழுதுவதில்லை. அதனால் அவள் கேள்வி கேட்டுக்கொண்டே இருப்பாள். அதனால்தான் அந்தப் பெயர்.

அந்த வியாழக்கிழமை மதியம் வந்த கோப்பில், நோய் என்ற கட்டத்தில் 'சினைப்பைக் கட்டி' என்று மட்டும் இருந்தது. நோயாளி இருபத்தாறு வயதுத் தையல்காரி. சனிக்கிழமை காலை ஆபரேஷன்.

"கட்டியாம் கட்டி!" என்று பல்லைக் கடித்தாள். ஒரு பெண்ணுக்குச் சினைப்பை இரண்டு. வலதா, இடதா? வெறும் நீர்க்கட்டியா, ரத்தம் தேங்கியதா, உள்ளே கொழுப்பும் முடியும் வளர்கிற டெர்மாய்டா? ஒவ்வொன்றுக்கும் குறியீடு வேறு. டெர்மாய்டு என்றால் புத்தகத்தில் அத்தியாயமே வேறு.

வழக்கம்போல் கேள்வி அனுப்பினாள். ஒரு மணி நேரம் கழித்து, ஆபரேஷன் செய்யப்போகிற டாக்டரம்மாவின் பதில் வந்தது: 'குறிப்பைப் பார்க்கவும்.'

குறிப்பைப் பார்த்தாள். பயிற்சி டாக்டர் 'இடது, நீர்க்கட்டி' என்று கிறுக்கியிருந்தார். அப்படியே போட்டுவிட்டு அடுத்த கோப்பை எடுத்திருக்கலாம். ஆனால் கை சும்மா இருக்கவில்லை. பின்னால் இணைத்திருந்த ஸ்கேன் தாள்களைப் புரட்டினாள். மேலே இருந்த தாளில் இடதுபக்கம் சிறிய நீர்க்கட்டி. அடியில் இன்னொரு தாள். அதில் வலதுபக்கம் ஏழு சென்டிமீட்டர் டெர்மாய்டு. இடது சினைப்பை இயல்பாக இருக்கிறது. தேதிகளைப் பார்த்ததும் அவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. மேலே இருந்தது இரண்டு வருஷம் பழசு. அடியில் இருந்தது போன வாரத்தது.

சூப்பர்வைசரிடம் ஓடினாள். அவர் கணினியிலிருந்து கண்ணை எடுக்கவே இல்லை.

"டாக்டர் இடதுன்னு எழுதியிருக்காங்களா?"

"எழுதியிருக்காங்க சார். ஆனா ஸ்கேன்ல..."

"ஸ்கேன் பாக்கறது உங்க வேலையா? எழுதினதைப் போடுங்கம்மா. இன்னிக்கு நாப்பது கோப்பு முடிக்கணும், நீங்க இன்னும் இருபதையே தாண்டலை."

அவள் இரண்டாவது கேள்வியை அனுப்பினாள், இரண்டு தேதிகளையும் குறிப்பிட்டு. மாலைவரை பதில் இல்லை.

வீட்டில் தோசைக்கல்லிடம் கோபத்தைக் காட்டிக்கொண்டிருந்தவளைப் பார்த்துக் கணவன் சமையலறை வாசலிலேயே நின்றுவிட்டான்.

"யார்மேல இவ்வளவு கோபம்?"

சொன்னாள். அவன் தலையைச் சொறிந்தான். "உள்ள போய்ப் பாத்தா டாக்டருக்கே தெரிஞ்சிடாதா? நீ ஏன் கிடந்து அல்லாடற?"

"தெரியலாம். தெரியாமலும் போகலாம். ஒரு ஆளு படிச்சுப் பாத்துட்டா போதும். அங்க ஒருத்தர் எழுதினதை இன்னொருத்தர் பாத்து எழுதறாங்களே தவிர யாரும் படிக்கறதில்ல."

தோசை கருகிப்போயிருந்தது. அவன் அதைத்தான் எடுத்துத் தன் தட்டில் போட்டுக்கொண்டான்.

வெள்ளிக்கிழமை காலை கணினியைத் திறந்தாள். பதில் வந்திருந்தது. அதே இரண்டு வார்த்தை: 'குறிப்பைப் பார்க்கவும்.'

வாய்விட்டுத் திட்டிவிட்டாள். பக்கத்து மேஜைக்காரி பேனாவைக் கீழே போட்டாள். டாக்டரம்மாவின் அறைக்குப் போன் செய்தால், பன்னிரண்டு மணிவரை ஆபரேஷனில் இருப்பார் என்றார்கள். ஆவணப் பிரிவிலிருந்து நோயாளியைக் கூப்பிடக் கூடாது என்று விதி. விதியாவது ஒன்றாவது என்று கோப்பில் இருந்த எண்ணை அழுத்தினாள். அந்தப் பக்கம் தையல் மிஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது.

"ஆஸ்பத்திரியிலேருந்து பேசறேன். உங்களுக்கு வலி எந்தப் பக்கம்மா?"

மிஷின் நின்றது. "இதோட ஆறு பேருக்குச் சொல்லியாச்சு! நீங்கல்லாம் எழுதி வச்சுக்கவே மாட்டீங்களா? வலது பக்கம். வலது! மிஷினை மிதிச்சாலே இழுத்துப் பிடிக்குது."

"இடது பக்கம் எப்பவாவது வலிச்சுதா?"

"அது ரெண்டு வருஷத்துக்கு முன்னால. தானா சரியாப்போச்சு." குரல் சட்டென்று இறங்கியது. "ஏன்க்கா, ஏதாவது பிரச்சனையா?"

"இல்லம்மா. எழுத்துல ஒரு சின்னக் குழப்பம். நான் பாத்துக்கறேன். நாளைக்கு உள்ள போறதுக்கு முன்னாடி நீங்களும் வாய்விட்டுச் சொல்லுங்க."

பன்னிரண்டு மணிக்கு லிஃப்ட் வழக்கம்போல் வேலை செய்யவில்லை. நான்கு மாடி ஏறி மூச்சிரைக்கப் போய் நின்றாள். டாக்டரம்மா அப்போதுதான் தலையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

"நீங்கதானா அந்தக் கேள்வி அனுப்பறவங்க? குறியீடு போடறவங்க எனக்கு வைத்தியம் சொல்லித்தர வந்துட்டீங்களா?"

அவள் இரண்டு ஸ்கேன் தாள்களையும் மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தாள். தேதிகளின் மேல் ஒவ்வொரு விரல்.

டாக்டரம்மா பார்த்தார். மறுபடி பார்த்தார். "உள்ள கேமரா போனதும் நானே கண்டுபிடிச்சிருப்பேன்," என்றார், குரலில் பழைய காரம் இல்லாமல்.

"பிடிச்சிருப்பீங்க டாக்டர். ஆனா அந்தப் பொண்ணு சம்மதக் கையெழுத்துப் போட்ட தாள்லயும் இடதுன்னுதான் இருக்கு. மயக்கத்துல இருக்கறவகிட்ட அப்புறம் யார் போய்க் கேக்கறது?"

டாக்டரம்மா போனை எடுத்தார். "நாளைக்கு ரெண்டாவது கேஸ். இடது இல்ல, வலது. டெர்மாய்டு. லிஸ்ட்டை மாத்துங்க, சம்மதத் தாளைப் புதுசா எழுதுங்க. அந்தப் பயிற்சி டாக்டரை உடனே என் ரூமுக்கு வரச் சொல்லுங்க." போனை வைத்துவிட்டு நாற்காலியைக் காட்டினார். "உக்காருங்க. நாலு மாடி ஏறி வந்திருக்கீங்க."

ஒரு டம்ளர் தண்ணீரை அவள் பக்கம் நகர்த்தினார்.

சனிக்கிழமை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. வலதுபக்கக் கட்டியை மட்டும் எடுத்து, சினைப்பையைக் காப்பாற்றிவிட்டார்கள். இடதுபக்கத்தில் யாரும் கை வைக்கவில்லை. ஆவணப் பிரிவில் அவளுக்கு ஒரு மெமோ வந்தது: வெள்ளிக்கிழமை முடித்த கோப்பு பதினேழு, காரணம் தெரிவிக்கவும். மெமோவைக் கிழிக்கலாமா என்று யோசித்து, கடைசியில் நடந்ததை நாலு வரியில் எழுதிக் கொடுத்தாள். சூப்பர்வைசர் படித்துவிட்டு, அன்று முழுக்க அவள் பக்கம் வரவில்லை.

பத்து நாள் கழித்து மேஜைப் போன் அடித்தது. தையல்காரி.

"அக்கா, நான் நல்லா இருக்கேன். நேத்துலேருந்து மிஷின்கூட மிதிக்கறேன். ஆனா ஒண்ணு. வீட்டுக்குப் போகும்போது கொடுத்த பேப்பரை இப்பதான் படிச்சேன். அதுல இடதுபக்கக் கட்டின்னு போட்டிருக்காங்க."

சந்தேகக்கா கண்ணை மூடிக்கொண்டு மனதுக்குள் பத்துவரை எண்ணினாள். பிறகு கோப்பை எடுத்துக்கொண்டு படியேறினாள். நான்காவது மாடி வராந்தாவில் எதிரே வந்த டாக்டரம்மா அவளைப் பார்த்ததும் நின்று, அவள் வாயைத் திறப்பதற்குள் கோட்டுப் பையிலிருந்து பேனாவை எடுத்தார்.

"சொல்லுங்க. எங்க திருத்தணும்?"